மூன்று நாள் கண்காட்சி, ஒரு நாள் கெர்னிக்கா: வேலையோடு சேர்த்து ஸ்பெயினைப் பார்த்து வந்த கதை

2024ஆம் ஆண்டு ஏப்ரல் 23 தொடக்கம் 25 வரை பார்சிலோனாவில் நடந்த சர்வதேசக் கடலுணவுக் கண்காட்சிக்கு, யாழ்ப்பாணத்தில் நண்டு பதப்படுத்தும் ஒரு சிறிய நிறுவனத்தின் தரக்கட்டுப்பாட்டு அலுவலராகப் போயிருந்தேன். பல வருடங்கள் பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் நடந்துவந்த இந்தக் கண்காட்சி 2022 முதல் பார்சிலோனாவில்தான் நடக்கிறது. வடக்கிலிருந்து இப்படியான கண்காட்சிகளுக்குப் போகும் தொழில்முனைவோர் மெல்ல மெல்லக் கூடுகிறார்கள். அவர்களில் சிலர் திரும்பி வந்தபின் என்னிடம் கேட்ட கேள்விகளை நினைத்துத்தான் இதை எழுதுகிறேன். விசா எப்படி, எதைச் சாப்பிடுவது, வேலை முடிந்தபின் இரண்டு நாள் கிடைத்தால் எங்கே போவது என்பவைதான் அந்தக் கேள்விகள். கடைசிக் கேள்விக்கு என்னிடம் உள்ள பதில் கொஞ்சம் நீளமானது.

முதலில் விசா. இது ஷெங்கன் குறுகியகால விசா. எந்த 180 நாளுக்குள்ளும் ஆகக்கூடியது 90 நாள் தங்கலாம். பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம், 15 நாளுக்குப் பிந்தக்கூடாது. குறைந்தது 30,000 யூரோ வரை ஈடுசெய்யும் மருத்துவக் காப்புறுதி வேண்டும். கடவுச்சீட்டு பத்து வருடத்துக்குள் எடுத்ததாகவும், நீங்கள் திரும்பும் திகதிக்குப் பிறகும் மூன்று மாதம் செல்லுபடியாவதாகவும் இருக்க வேண்டும். நான் போனபோது கட்டணம் 80 யூரோ. அதே வருடம் ஜூனில் 90 ஆனது. எங்கள் ஆட்கள் பிழை விடுவது வேறொரு இடத்தில். கண்காட்சியின் அழைப்புக் கடிதத்தில் மூன்று நாள்தான் இருக்கும், விண்ணப்பத்தில் ஏழு நாள் கேட்பார்கள், மிச்ச நாலு நாள் எதற்கென்று எங்கும் எழுதமாட்டார்கள். அதை ஒளிக்காமல் எழுதுங்கள். இத்தனை நாள் வேலை, இத்தனை நாள் சொந்த விடுமுறை, அந்த நாட்களின் செலவு என்னுடையது என்று நிறுவனத்திடம் ஒரு கடிதம் வாங்கி, எல்லா இரவுகளுக்கும் தங்குமிடப் பதிவையும் சேர்த்துக் கொடுத்தால் கேள்வி குறையும்.

ஏன் ஸ்பெயின் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஐரோப்பாவில் மீனை ஆசையாகச் சாப்பிடும் நாடுகளில் முன்வரிசையில் இருப்பது அது. நாங்கள் அங்கே விற்பதோ விற்காமல் போவதோ மீனின் தரத்தில் மட்டும் தங்கியிருப்பதில்லை. சட்டவிரோத மீன்பிடியைக் கட்டுப்படுத்தவில்லை என்று சொல்லி 2015 ஜனவரியிலிருந்து 2016 நடுப்பகுதி வரை இலங்கை மீனுக்கு ஐரோப்பிய ஒன்றியம் தடை போட்டிருந்தது. ஜி.எஸ்.பி. பிளஸ் வரிச்சலுகை, மனித உரிமை உட்பட 27 சர்வதேச உடன்படிக்கைகளோடு கட்டப்பட்டது. 2010இல் அது நிறுத்தப்பட்டு 2017 மே மாதம் திரும்பக் கிடைத்தது. எங்கள் கொட்டிலில் நண்டுச் சதை பிரிக்கும் பெண்களில் கணவனையோ பிள்ளையையோ தேடுகிறவர்கள் பலர். அவர்கள் கிள்ளி எடுக்கும் சதைக்கு அங்கே எவ்வளவு வரி என்பது, அவர்களைப் போன்றவர்களுக்கு இந்த நாடு என்ன செய்தது என்ற கேள்வியோடும் சம்பந்தப்பட்டது. கண்காட்சிக் கூடத்தில் நின்று இதை யோசிக்க ஒரு மாதிரித்தான் இருந்தது.

பாண், மேசை, கதிரை

ஸ்பானிய மொழி தெரியாதே என்று பயந்துகொண்டு போனேன். முதல் நாள் காலை தேநீர்க்கடை மாதிரியான ஒரு சிறிய பாரில், வாய்தவறி "பாண்" என்றேன். பரிமாறுகிறவர் தலையாட்டிவிட்டுப் பாண் கொண்டுவந்து வைத்தார்! ஸ்பானிய மொழியிலும் அது 'பான்'தான். போர்த்துக்கீசர் எங்களிடம் விட்டுப்போன சொற்கள் அவர்களுடைய அயல் மொழிகளிலும் இருக்கின்றன. மேசை அங்கே 'மேசா', அலுமாரி 'அர்மாரியோ', சப்பாத்து 'சபாத்தோ', துவாய் 'தொவாயா'. கதிரைக்கு ஸ்பானிய மொழியில் வேறு சொல். ஆனால் பார்சிலோனாவின் சொந்த மொழியான கத்தலான் மொழியில் அது 'கதிரா'. இதைக் கண்டபிறகு பயம் பாதியாகக் குறைந்துவிட்டது.

அந்தப் பாணை அவர்கள் சாப்பிடும் விதமும் எளிமையானது. வாட்டிய பாணில் பழுத்த தக்காளியைப் பாதியாக வெட்டித் தேய்த்து, ஒலிவ் எண்ணெய் விட்டு, உப்புத் தூவுகிறார்கள். விரும்பினால் உள்ளியும் தேய்க்கலாம். காய்ந்த பாணை வீணாக்காமல் சாப்பிட ஏழைகள் கண்ட வழி என்கிறார்கள். இன்றைக்குக் கத்தலோனியாவில் அது இல்லாத மேசை இல்லை.

சாப்பாட்டு நேரம்தான் எங்கள் ஆட்களைக் குழப்பும். பகல் சாப்பாடு இரண்டு மணிக்குப் பிறகு, இரவுச் சாப்பாடு ஒன்பதுக்குப் பிறகு. பன்னிரண்டு மணிக்குப் பசித்துப் போனால் பல சமையலறைகள் திறந்திருக்காது. வேலைநாட்களில் பகலில் 'மெனு டெல் தியா' என்று ஒரு நிலையான விலைச் சாப்பாடு உண்டு. முதல் பதார்த்தம், இரண்டாம் பதார்த்தம், பாண், குடிபானம், கடைசியில் இனிப்பு அல்லது கோப்பி எல்லாம் அதற்குள் அடக்கம். 1960களின் நடுப்பகுதியில் பிராங்கோ ஆட்சி சுற்றுலாப் பயணிகளுக்காகக் கொண்டுவந்த ஒழுங்கிலிருந்து வந்தது இது. இப்போது தொழிலாளர்களின் சாப்பாடு ஆகிவிட்டது. கையில் காசு குறைவென்றால் பகலில் இதைச் சாப்பிட்டு இரவை ஒரு சிறுதட்டோடு முடிக்கலாம். குழாய்த் தண்ணீரை இலவசமாகக் கொடுக்க வேண்டும் என்று 2022இல் சட்டமே வந்திருக்கிறது, கேட்க வெட்கப்பட வேண்டாம்.

சைவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. மரக்கறி என்று எழுதியிருக்கும் தட்டிலும் பன்றித்தொடையின் சிறு துண்டுகள் கிடக்கும். அவர்களில் பலருக்கு அது இறைச்சிக் கணக்கிலேயே வராது. "சின் கார்னே, சின் ஹமோன், சின் பெஸ்காதோ" என்று மூன்றையும் தனித்தனியாகச் சொல்லுங்கள். இறைச்சி வேண்டாம், பன்றித்தொடை வேண்டாம், மீன் வேண்டாம் என்று பொருள்.

சந்தையைத் தவறவிடக்கூடாது. ரம்ப்லா வீதியில் இருக்கும் பொக்கேரியா சந்தையில் இப்போது சுற்றுலாப் பயணிகள்தான் அதிகம், ஆனாலும் மீன்பகுதிக்குப் போங்கள். அங்கே நான் ஒரு வெள்ளை நாடாக் குவியலைக் கண்டேன். கேட்டால் கடலட்டை! உடலை விட்டுவிட்டு உள்ளே இருக்கும் தசைநாடாக்களை மட்டும் எடுத்து, உள்ளியோடு ஒரு வாட்டு வாட்டிச் சாப்பிடுகிறார்கள். கத்தலோனியர் அதற்கு 'எஸ்பர்தென்யா' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். அந்தச் சந்தையிலேயே விலைகூடிய பொருட்களில் ஒன்று. எங்கள் கரையில் அட்டையை அவித்து உலர்த்திச் சீனாவுக்கு அனுப்புகிறோம். இலங்கைத் தீவில் யாராவது அதைக் கறிவைத்துச் சாப்பிட்டு நான் கண்டதில்லை.

பாயேயாவைப் பற்றி ஒரு சொல். அது ஸ்பெயின் முழுவதற்கும் உரியது அல்ல, வலென்சியாக்காரருடையது. அவர்களுடைய பழைய முறையில் கடலுணவே இல்லை, கோழியும் முயலும் அவரைவகைகளும்தான். பாயேயா என்பது உண்மையில் அந்த அகன்ற தாச்சியின் பெயர். அரிசியை அங்கே கொண்டுபோய் நீர்ப்பாசனத்தோடு வளர்த்தவர்கள் அரபு முஸ்லிம்கள். தாச்சியின் அடியில் பிடிக்கும் சோற்றுக்கு 'சொக்கராத்' என்று ஒரு தனிப்பெயர். அதற்காகச் சண்டையே போடுவார்கள். எங்கள் வீட்டில் அடிப்பிடித்த சோறு அம்மாவுக்கு ஒதுக்கப்பட்டது, அங்கே அது விருந்தாளிக்கு. ஆனால் எனக்குப் பிடித்தது கணவாய் மையில் சமைத்த கறுப்புச் சோறு. மையோடு கறுக்கக் கணவாய்க் கறி வைக்கும் வீட்டிலிருந்து போகிறவருக்கு அதில் புதினம் ஒன்றும் இல்லை, தேங்காய்ப்பால்தான் குறை.

நான் இறங்கிய நாள் இன்னொரு வகையிலும் நல்ல நாள். ஏப்ரல் 23 கத்தலோனியரின் சான்ட் ஜோர்டி திருநாள். ஒருவருக்கொருவர் புத்தகமும் ரோசாப்பூவும் கொடுப்பார்கள். மாலை கண்காட்சி முடிந்து நகரத்துக்குள் வந்தால் தெருவெல்லாம் புத்தகத் தட்டுகள், நடக்க இடமில்லை. யுனெஸ்கோ 1995இல் இதே நாளைத்தான் உலகப் புத்தக நாளாக அறிவித்தது. உள்நாட்டுப் போர் முடிந்த 1939க்குப் பிறகு பல வருடங்கள் கத்தலான் மொழியில் புத்தகம் வெளியிடுவதே கடினமாக இருந்த மண் அது. 1981இல் எரிந்த நூலகத்துக்குப் பக்கத்தில் வளர்ந்த ஒருவன் அந்தத் தெருவில் சும்மா நடந்துவிட முடியாது. வாசிக்கத் தெரியாத மொழியில் ஒரு சிறிய புத்தகம் வாங்கினேன். (பார்சிலோனாவில் பைக்கள்ளர் அதிகம். கடவுச்சீட்டை உள்ளே வைத்துவிட்டுப் போனால்தான் இப்படி நிம்மதியாகத் தெரு பார்க்கலாம்.)

மேசையில் முடிந்த வியாபாரம்

இரண்டாம் நாள் எங்கள் மாதிரிகளைப் பார்த்த வாங்குநர் ஒருவர் பகல் சாப்பாட்டுக்கு அழைத்தார். வடமேற்கே கலீசியாவைச் சேர்ந்தவர், அறுபது வயதைத் தாண்டியிருப்பார். விலைப்பட்டியலை மேசையில் எடுத்து வைத்தேன். அவர் அதை மெதுவாக மடித்துத் தன் தட்டுக்குக் கீழே வைத்துவிட்டார். சாப்பிடும்போது வியாபாரம் பேசுவது அங்கே அவசரக்காரர் வேலை. குடும்பம், ஊர், கடல், காற்பந்து எல்லாம் பேசி முடித்து, கோப்பி வந்தபிறகும் ஒரு மணித்தியாலம் எழும்பாமல் இருப்பார்கள். அதற்கு 'சொப்ரேமேசா' என்று பெயர். மேசைக்குப் பிந்திய பேச்சு என்று சொல்லலாம். விலை, அளவு, பொதி எல்லாம் அதற்குள்தான் முடியும். அழைத்தவர்தான் பணம் கொடுப்பார், பங்குபோட முயலவேண்டாம்.

அவிந்த பேய்க்கணவாயைத் துண்டுபோட்டு, மரத்தட்டில் வைத்து, ஒலிவ் எண்ணெயும் சிவப்பு மிளகாய்த்தூளும் கல்லுப்பும் தூவியது வந்தது. கலீசியாவின் சந்தைச் சாப்பாடு. அந்தத் தூள் 'பிமென்தோன்', சில இடங்களில் மிளகாயை ஓக் விறகுப் புகையில் காயவைத்து அரைப்பது. உறைப்பு இராது, வாசம் மட்டும் அடுப்படி வாசம்.

கோப்பி வந்தபிறகு எந்த ஊர் என்று கேட்டார். வேலை யாழ்ப்பாணத்தில், பிறந்தது முல்லைத்தீவுப் பக்கம் என்றேன். போர் முடிந்த இடமா என்று கேட்டார். ஓம் என்றேன். வீட்டில் எல்லாரும் இருக்கிறார்களா என்று அடுத்ததாகக் கேட்டார். வியாபாரப் பயணங்களில் இந்தக் கேள்விக்கு நான் வழமையாக "இருக்கிறார்கள்" என்று சொல்லிவிடுவேன். அன்றைக்கு என்னவோ, அண்ணா 2009இலிருந்து இல்லை, அம்மா தேடுகிறா என்று சொல்லிவிட்டேன்.

அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு தன் பாட்டனாரை 1936 ஓகஸ்டில் இரவில் வீட்டுக்கு வந்து கூட்டிக்கொண்டு போனதாகச் சொன்னார். பாட்டனார் மீனவர் சங்கத்தில் இருந்தவராம். கலீசியாவில் பெரிய போர்முனை இருந்ததில்லை, இராணுவக் கிளர்ச்சிக்காரர் கையில் உடனே விழுந்த பகுதி. ஆனாலும் இப்படிக் கொண்டுபோய் வீதியோரத்தில் சுட்டவர்கள் ஏராளம். "நாங்கள் சின்னப்பிள்ளைகளாக இருந்தபோது வீட்டில் அதைப் பேசக்கூடாது. பாட்டி சாகும்வரை கதவை இரவில் தானேதான் பூட்டுவா" என்றார்.

இதன் பின்னணியைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். பிராங்கோ 1975இல் இறந்தபின், 1977இல் வந்த பொதுமன்னிப்புச் சட்டம் அரசியல் கைதிகளை விடுவித்தது, கொன்றவர்களையும் சேர்த்து மூடிப் பாதுகாத்தது. பேசாமல் விடுவோம் என்ற உடன்பாட்டில்தான் ஜனநாயகம் கட்டப்பட்டது. 2000ஆம் ஆண்டு எமிலியோ சில்வா என்ற பத்திரிகையாளர் வட ஸ்பெயினின் பிரியரான்சா டெல் பியேர்சோ என்ற ஊரில் தன் பாட்டனார் புதைக்கப்பட்ட குழியைத் தோண்டவைத்தார். 13 பேரின் எச்சங்கள் வந்தன, டி.என்.ஏ. பரிசோதனையால் பாட்டனார் அடையாளம் காணப்பட்டார். தோண்டுவித்தது அரசு அல்ல, குடும்பங்களும் தொண்டர்களும். 2007இல் ஒரு நினைவுச் சட்டம் வந்தது. காணாமல்போனவர்களைத் தேடுவது அரசின் பொறுப்பு என்று வெளிப்படையாக எழுதிய சட்டம் 2022 ஒக்டோபரில்தான் வந்தது. 2008இல் நீதிபதி பல்தசார் கார்சோன் எண்ணிக் குறித்த காணாமல்போனோர் தொகை 114,226. செம்மணியைத் தெரிந்த வாசகருக்கு நான் மேலே விளக்கத் தேவையில்லை.

பிறகுதான் மடித்த விலைப்பட்டியலை எடுத்து விரித்தார். வெள்ளிக்கிழமை எங்கே போகிறீர்கள் என்று கேட்டார். பில்பாவோவுக்குப் பறந்து, மறுநாள் காலை பெர்மியோ துறைமுகத்தில் ஒரு மீன் பதனிடும் ஆலையைப் பார்ப்பதாகவும், பின்னேரம் ஓய்வு என்றும் சொன்னேன். "26ஆம் திகதியா? அதே பாதையில் கெர்னிக்கா இருக்கிறது. இறங்குங்கள்" என்றார்.

பெர்மியோ, கெர்னிக்கா

பெர்மியோ பாஸ்க் நாட்டின் கடற்கரை ஊர். இளவேனில் அங்கே நெத்தலி இனத்தைச் சேர்ந்த அன்சோவா மீனின் காலம். மீனைத் தலை கிள்ளி, உப்போடு அடுக்கி, பாரம் ஏற்றி மாதக்கணக்கில் பழுக்க விடுகிறார்கள். பிறகு ஒவ்வொன்றாகத் தோல் தேய்த்து, முள் நீக்கி, ஒலிவ் எண்ணெயில் அடைக்கிறார்கள். இந்த முறையை 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் இத்தாலியர், முக்கியமாகச் சிசிலிக்காரர், கொண்டுவந்தார்கள். இன்றைக்கும் தோல் தேய்ப்பது கையால், அதுவும் பெண்கள். நீண்ட மேசை, வெள்ளைத் தொப்பி, கத்தரிக்கோல், பேசிக்கொண்டே ஓடும் விரல்கள். எங்கள் நண்டுக் கொட்டிலில் நிற்பதுபோல இருந்தது. வேறுபாடு ஒன்று உண்டு, அவர்கள் கதிரையில் இருந்து வேலை செய்கிறார்கள். அதைக் குறித்துக்கொண்டு வந்து எங்கள் முதலாளியிடம் சொன்னேன்.

பாஸ்க் சாப்பாட்டில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். உப்புப்போட்டுக் காயவைத்த கொட் மீன், சுருக்கமாகச் சொன்னால் கருவாடு. ஒன்றிரண்டு நாள் தண்ணீர் மாற்றி மாற்றி ஊறவைத்து உப்பை இறக்குகிறார்கள். மண்சட்டியில் ஒலிவ் எண்ணெயில் உள்ளியும் மிளகாயும் பொரித்து எடுத்துவிட்டு, மிதமான சூட்டில் மீனைப் போட்டு, சட்டியை வட்டமாக ஆட்டிக்கொண்டே இருக்க வேண்டும். மீன்தோலிலிருந்து இறங்கும் பசையும் எண்ணெயும் கலந்து வெள்ளைக் குழம்பாகத் திரளும். மாவும் இல்லை, பாலும் இல்லை. 'பில்-பில்' என்பது அதன் பெயர். பில்பாவோவின் பழைய நகரத்தில் பிளாசா நுவேவா சதுக்கத்தைச் சுற்றியுள்ள பார்களில் இதைச் சிறுதுண்டாகப் பாணின்மேல் வைத்தும் தருகிறார்கள். குச்சி குத்திய அந்தச் சிறுதட்டுகளுக்கு 'பிஞ்சோ' என்று பெயர். சில இடங்களில் கடைசியில் குச்சியை எண்ணித்தான் காசு.

பெர்மியோவிலிருந்து பில்பாவோ திரும்பும் புகையிரதம் கெர்னிக்காவில் நிற்கும். பில்பாவோவிலிருந்து நேரே வந்தாலும் ஒரு மணித்தியாலத்துக்குள்தான், பேருந்தும் உண்டு.

1937 ஏப்ரல் 26, திங்கட்கிழமை, சந்தை நாள். பிற்பகல் நாலரையளவில் தொடங்கி மூன்று மணித்தியாலத்துக்கு மேல், பிராங்கோவுக்காகப் போரிட்ட ஜேர்மன், இத்தாலிய விமானங்கள் இந்த ஊரில் குண்டு போட்டன. வெடிகுண்டுக்குப் பிறகு எரிகுண்டு, ஓடியவர்களுக்குத் துப்பாக்கிச் சூடு. இலக்கென்று சொல்லப்பட்ட பாலம் தப்பிவிட்டது, ஆயுதத் தொழிற்சாலையும் தப்பிவிட்டது, ஊர் எரிந்தது. பாஸ்க் அரசு சொன்ன இறப்பு எண்ணிக்கை 1,654. பின்வந்த ஆய்வாளர்கள் பலர் அதைவிட மிகக் குறைவான எண்ணிக்கையைச் சொல்கிறார்கள். எண்ணிக்கைச் சண்டை அங்கேயும் ஓயவில்லை. ஊரை எரித்தது பாஸ்க் ஆட்களும் இடதுசாரிகளும்தான் என்று பிராங்கோ தரப்பு உடனே சொன்னது. அதைப் பல வருடங்கள் கைவிடவில்லை. லண்டன் 'டைம்ஸ்' பத்திரிகைக்காக ஜோர்ஜ் ஸ்டியர் எழுதிய செய்தி இரண்டு நாளில் வெளிவந்திராவிட்டால் அந்தப் பொய் இன்னும் நின்றிருக்கும். பிக்காசோ அந்த வருடமே பாரிஸ் கண்காட்சிக்கு ஓவியத்தை வரைந்தார். அது இப்போது மட்ரிட்டில் இருக்கிறது, ஊரில் இருப்பது ஓட்டில் செய்த பிரதி. ஜேர்மன் ஜனாதிபதி ரோமன் ஹெர்சோக் பொறுப்பை ஏற்று உயிர்தப்பியவர்களுக்கு எழுதியது 1997இல், அறுபது வருடம் கழித்து.

சமாதான அருங்காட்சியகம் நடுச் சதுக்கத்தில் இருக்கிறது. அதற்குள் ஒரு சிறிய அறை, அந்தக் காலத்து வீடு ஒன்றைப்போல அமைத்திருக்கிறார்கள். பெகோன்யா என்ற பெண்ணின் குரல் அன்றைய நாளைச் சொல்லும். பிறகு விமானச் சத்தம், பிறகு இருட்டு. வன்னியில் இருந்தவர்களுக்கு நான் சொல்வது, அந்த அறைக்குள் போகுமுன் யோசியுங்கள். எனக்குச் சத்தம் தொடங்கியதும் முழங்கால் தானாக மடிந்தது. பக்கத்தில் நின்ற பாடசாலைப் பிள்ளைகள் என்னைப் பார்த்தார்கள். வெளியே வந்து தண்ணீர் குடித்துவிட்டு இருந்தேன். வாசலில் இருந்த பெண் ஒன்றும் கேட்காமல் ஒரு கதிரையைக் கொண்டுவந்து வைத்தார். நினைவுநாளில் பிற்பகல் ஊரில் சைரன் ஊதும் என்பதையும் அவர்தான் முன்கூட்டியே சொன்னார். ஊதியபோது தெருவில் நின்றவர்கள் நின்றபடியே நின்றார்கள், கடைக்காரர் உட்பட. நான் சுவரோடு சாய்ந்து நின்றேன்.

மேட்டில் ஓக் மரம் இருக்கிறது. பிஸ்காயா பிரபுக்கள் மக்களின் பழைய உரிமைகளை மதிப்பதாக அதன்கீழ் சத்தியம் செய்தார்கள். இன்றைய பாஸ்க் முதல்வரும் அங்கேதான் பதவியேற்கிறார். குண்டுவீச்சில் மரம் தப்பியது. இப்போது நிற்பது அதன் வழிவந்த, 2015இல் நட்ட கன்று. பழைய மரத்தின் பட்ட அடியைத் தூண்கள் சூழ்ந்த மண்டபத்துக்குள் வைத்திருக்கிறார்கள். 1979இல் வந்த பாஸ்க் சுயாட்சிச் சட்டத்துக்கும் கெர்னிக்காவின் பெயர்தான். வரியைத் தாங்களே அறவிடுகிறார்கள், பள்ளியில் தங்கள் மொழியில் படிப்பிக்கிறார்கள். இது நோகாமல் வந்ததல்ல. 1959இல் தொடங்கிய ஈ.டி.ஏ. இயக்கம் 800க்கு மேற்பட்டோரைக் கொன்று, 2011இல் ஆயுதத்தை நிறுத்தி, 2018இல் கலைந்தது. அதன் காயம் பற்றிக் கேட்டால் இன்னும் ஆட்கள் குரலைத் தாழ்த்துகிறார்கள். கேட்பதானால் பார்த்துக் கேளுங்கள். "எஸ்கெர்ரிக் அஸ்கோ" என்று நன்றியை மட்டும் பாஸ்க் மொழியில் சொன்னால் முகம் மலரும்.

இரவுக்குச் சின்னப் பச்சை மிளகாய் ஒரு தட்டு வந்தது. கெர்னிக்கா மிளகாய் என்று அதற்குப் பெயர், எண்ணெயில் வாட்டிக் கல்லுப்புப் போட்டது. உறைப்பு இல்லை. திங்கட்கிழமைச் சந்தை இன்னும் நடக்கிறது, இந்த மிளகாயும் அவரையும் அங்கே விற்கும் என்று பரிமாறியவர் சொன்னார். அன்றைக்கு வெள்ளி.

வீட்டுக்கு ஒரு தகரம் பிமென்தோன் கொண்டுவந்தேன். அம்மா அதைக் கணவாய்க் கறியில் போட்டுப் பார்த்தா. "நிறம் வருது, உறைப்பு இல்லை" என்றா. கலீசியாக்காரரின் கதையையும் சொன்னேன்.

"அவையின்ர பாட்டனாரைக் கண்டுபிடிச்சிட்டினமோ தம்பி?"

"இல்லை அம்மா. இன்னும் தேடினம்."

"எத்தினை வருசம்?"

"எண்பத்தெட்டு."

அம்மா அடுப்பைக் குறைத்துவிட்டு, எங்கள் தூளையும் ஒரு கரண்டி போட்டா. முதல் ஓடர் ஓகஸ்டில் வந்தது. அதோடு வந்த மின்னஞ்சலின் கடைசி வரியில் அண்ணாவைப் பற்றி ஏதாவது செய்தி உண்டா என்று அவர் கேட்டிருந்தார்.